பொருளுக்கு ஜப்தி, ஆளுக்கு ஜீதம்

1

ஜப்தி என்கிற சொல் ஊருக்குள் ஒரு மாதிரி கேட்கும், சேரியில் வேறு மாதிரி கேட்கும். ஊரில் அது மானம் போகிற சொல். கோர்ட் அமீனா வாசலில் வந்து நின்றுவிட்டான் என்றால் அந்த வீட்டுக்காரன் நாலு நாளைக்குத் தெருவில் தலைகாட்ட மாட்டான். அண்டா, குண்டா, கட்டில், வண்டி மாடு என்று ஒவ்வொன்றாகப் பட்டியல் போட்டு எழுதுவான் அமீனா. சேரியில் ஜப்தி என்றால் தமுக்குச் சத்தம். யாரோ ஒருத்தன் நிலம் ஏலத்துக்கு வருது, போய் அடிச்சுட்டு வா என்று தாக்கீது வரும். நம்ம ஆள் போய் அடித்துவிட்டு, கொடுத்த சில்லறையை வாங்கிக்கொண்டு வருவான். ஜப்தி நடந்ததற்கு அவன் சாட்சி. ஜப்தி செய்யப்படுகிற அளவுக்கு அவனிடம் எதுவும் இருந்ததில்லை.

அப்படியென்றால் அவனுக்குக் கடன் இல்லையா? கழுத்துவரை கடன்தான். கல்யாணத்துக்கு வாங்கியது, சாவுக்கு வாங்கியது, பஞ்ச காலத்தில் ராகிக்காக வாங்கியது, அப்பன் வாங்கி மகன் தலையில் விழுந்தது. இந்தக் கடனெல்லாம் எப்படி வசூலானது? எந்தக் கோர்ட்டில் டிக்ரி ஆனது? எந்த அமீனா வந்தான்? ஒருத்தனும் வரவில்லை. அங்கே ஜப்தியானது ஆள். இந்த நாட்டில் கடன் வசூலுக்கு எழுதப்பட்ட சட்டங்களின் வரலாற்றை நம்ம பக்கம் நின்று படித்தால் தெரிகிற விஷயம் இது. நிலத்தைப் பிடிக்க ஒரு வழி, ஆளைப் பிடிக்க ஒரு வழி என்று இரண்டு பாதை பக்கத்தில் பக்கத்தில் போயிருக்கிறது. முதல் பாதைக்கு நோட்டீஸ் உண்டு, வாய்தா உண்டு, அப்பீல் உண்டு. இரண்டாவது பாதையில் இதில் ஒன்றுகூட இல்லை.

அஞ்செட்டி, தேன்கனிக்கோட்டை, ஓசூர் பக்கம் இருக்கிறவர்களுக்கு இதைச் சொல்லிப் புரியவைக்க வேண்டியதில்லை. மூன்று பாஷை புழங்குகிற எல்லை இது. தெலுங்கு பேசுகிறவனுக்கு ஜீதம் என்றால் மாதச் சம்பளம். எல்லையைத் தாண்டி ஆனேக்கல் பக்கம் போனால் கன்னடத்தில் ஜீதம் என்றால் கடனுக்காக ஆண்டை வீட்டில் கட்டிப் போடப்பட்ட வேலை. கூலியைக் குறித்த ஒரே சொல் இரண்டு மைல் தூரத்தில் அடிமைத்தனத்தைக் குறிக்கிறது. தமிழிலும் இதே கதைதான். படி என்பது தானியம் அளக்கிற அளவு. அந்தப் படியைக் கூலியாக வாங்கியவன் படியாள். படியாள் என்ற சொல்லுக்கு ஊரில் என்ன அர்த்தம் என்று எல்லோருக்கும் தெரியும்.

2

முதலில் பொருள் ஜப்தி எப்படி நடக்கும் என்று பார்த்துவிடுவோம். அதைத் தெரிந்துகொண்டால்தான் நமக்கு மறுக்கப்பட்டது எது என்று தெரியும்.

ஜப்தி, ஜாமீன், அமீனா, தாக்கீது எல்லாம் அரபி, பாரசீக வழியில் வந்த கச்சேரிச் சொற்கள். அந்தச் சொற்களை வைத்துக்கொண்டே வெள்ளைக்காரன் தன் சட்டத்தை எழுதினான். இன்றைக்கு நடப்பில் இருப்பது 1908-ஆம் வருஷத்து உரிமையியல் நடைமுறைச் சட்டம். கடன் கொடுத்தவன் வழக்குப் போட்டு டிக்ரி வாங்குகிறான். கடன்காரன் கட்டவில்லை என்றால் நிறைவேற்று மனு போடுகிறான். அசையும் பொருளை அமீனா நேரில் வந்து கையகப்படுத்துவான். நிலம், வீடு என்றால் இதை விற்கவோ மாற்றவோ கூடாது என்று கோர்ட் தடையுத்தரவு போடும். அந்த உத்தரவை அந்த நிலத்திலோ, நிலத்துக்குப் பக்கத்திலோ தமுக்கடித்து, அல்லது அந்தப் பகுதி வழக்கப்படி, சொல்ல வேண்டும். நகலை நிலத்தில் எல்லோர் கண்ணிலும் படுகிற இடத்திலும், கோர்ட் சுவரிலும் ஒட்ட வேண்டும். ஏல அறிவிப்புக்கும் இதே முறைதான். தமுக்கடித்தல் என்பது சட்டப் புத்தகத்திலேயே, 21-ஆம் கட்டளையின் 54-ஆம் விதியில் எழுதியிருக்கிறது.

இந்த விதிக்கு நம்ம வரலாற்றில் பெரிய இடம் உண்டு. தமுக்கடிக்கிறவன் பெரும்பாலும் யார்? வெட்டியான், தோட்டி, தலையாரி என்று கிராம ஊழியத்தில் கட்டிவைக்கப்பட்ட நம்ம ஆள். மணியக்காரர், கர்ணம் சொன்ன இடத்துக்கு ஓட வேண்டியவன். பிணம் சுடுகிற இடத்தில் அவன் கை, வரி வசூல் அறிவிப்பில் அவன் கை, கோர்ட் ஏலத்திலும் அவன் கை. தமுக்கடிக்கவே இல்லை, அதனால் ஏலம் செல்லாது என்று வாதாடிய வழக்குகள் இந்த நாட்டுக் கோர்ட்டுகளில் ஏராளம். அடித்தானா இல்லையா என்று அவனைக் கூண்டில் ஏற்றிக் கேட்ட வழக்குகளும் உண்டு. ஊர் நிலம் கைமாற வேண்டும் என்றால் நம்ம ஆள் அடித்த சத்தம் சட்டப்படி தேவைப்பட்டது. அந்தச் சத்தத்தைப் போட்டவனுக்கு அந்த நிலத்தில் ஒரு சாண் கிடையாது. பம்பாய் மாகாணத்தில் மகர்களின் வத்தன் ஊழியம் இதே வகை. 1928-இல் பம்பாய் சட்டமன்றத்தில் அம்பேத்கர் அதை எதிர்த்து மசோதா கொண்டுவந்ததற்குக் காரணம், ஊழியம் என்ற பெயரில் சாதியே சர்க்கார் வேலையாக எழுதப்பட்டிருந்தது என்பதுதான்.

ஜப்திக்கும் வரம்பு இருக்கிறது. அந்தச் சட்டத்தின் 60-ஆம் பிரிவு எதையெல்லாம் தொடக்கூடாது என்று பட்டியல் போடுகிறது. கடன்காரனும் பெண்டாட்டி பிள்ளைகளும் உடுத்தத் தேவையான துணி, சமையல் பாத்திரம், படுக்கை, மத வழக்கப்படி பெண் கழற்றக் கூடாத நகை, கைத்தொழில்காரனின் கருவி, விவசாயியின் ஏர், பிழைப்புக்குத் தேவையான மாடு, விதைத் தானியம், கூலிக்காரனின் கூலி. 62-ஆம் பிரிவு இன்னும் நாகரிகமானது. பொழுது சாய்ந்த பிறகு, பொழுது விடிவதற்கு முன்பு, பொருளைக் கைப்பற்ற வீட்டுக்குள் நுழையக் கூடாது. வழக்கப்படி வெளியே முகம் காட்டாத பெண் ஓர் அறையில் இருந்தால், அவள் விலகிப் போக நேரமும் வசதியும் கொடுக்க வேண்டும்.

வெளியே முகம் காட்டாத பெண் எந்த வீட்டில் இருப்பாள்? நம்ம பெண்கள் விடிகாலையில் ஆண்டை காட்டில் களை எடுத்துக்கொண்டிருப்பார்கள். சட்டம் யாரை மனதில் வைத்து எழுதப்பட்டது என்பதற்கு இதைவிடச் சாட்சி வேண்டாம்.

வீட்டு விஷயத்தையும் பாருங்கள். விவசாயி குடியிருக்கிற வீட்டை ஜப்தி செய்யக் கூடாது என்று 1908 சட்டம் சொன்னது. கூலியாள் குடியிருக்கிற வீட்டை அது சொல்லவில்லை. கூலியாள், வீட்டு வேலையாள் என்ற இரண்டு சொற்களும் அந்த வரியில் சேர்க்கப்பட்டது 1976-ஆம் வருஷத்துத் திருத்தத்தில். அறுபத்தெட்டு வருஷம் விவசாயி வீட்டுக்கு இருந்த பாதுகாப்பு, அந்த விவசாயியின் நிலத்தில் உழைத்தவனின் குடிசைக்கு இல்லை.

இருந்தாலும் அமீனா நம்ம குடிசைக்கு அதிகம் வந்ததில்லை. காரணம் கணக்கு. டிக்ரி வாங்க ஸ்டாம்பு கட்ட வேண்டும், வக்கீலுக்குக் கொடுக்க வேண்டும், அமீனாவுக்குப் பேட்டா கட்ட வேண்டும். இவ்வளவும் செலவழித்து வந்தால் கிடைப்பது மண்சட்டியும் பாயும். ஆண்டைக்கு அது கட்டுப்படியாகாது. அவனே ஆளை அனுப்பி ஆட்டை ஓட்டிக்கொண்டு போவான், கதவைக் கழற்றிக்கொண்டு போவான். ராத்திரி வருவான். 62-ஆம் பிரிவு அவனுக்குக் கிடையாது. அதற்கும் மேலே, ஆளையே இழுத்துக்கொண்டு போவான்.

3

ஆளை இழுத்துக்கொண்டு போவது ஏதோ சட்டத்துக்குத் தெரியாமல் மூலையில் நடந்த வழக்கம் என்று நினைத்துவிடக் கூடாது. ஒரு காலத்தில் அதைச் செய்தது கோர்ட்டும் கலெக்டர் கச்சேரியும்தான்.

1843-ஆம் வருஷத்து 5-ஆம் சட்டம் இந்தியாவில் அடிமை முறையை ஒழித்த சட்டம் என்று பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொடுப்பார்கள். அதன் முதல் பிரிவை யாரும் படித்துக் காட்டுவதில்லை. எந்தச் சர்க்கார் அதிகாரியும் கோர்ட் டிக்ரியை நிறைவேற்றுவதற்காகவோ, வரி அல்லது குத்தகை பாக்கியை வசூலிப்பதற்காகவோ, ஓர் ஆளை அடிமை என்று சொல்லி விற்கக் கூடாது, அந்த ஆளின் கட்டாய உழைப்பின் மீதான உரிமையையும் விற்கக் கூடாது என்பதே அந்தப் பிரிவின் சாரம். அடிமை முறை பற்றிய சட்டம் தொடங்குகிற இடமே ஜப்தி ஏலம். நடக்காத ஒன்றைத் தடுக்கச் சட்டத்தின் முதல் பிரிவை யாரும் செலவழிக்க மாட்டார்கள். நிலம், மாடு, அண்டா போல ஆளும் ஏலப் பட்டியலில் இருந்தான்.

மலபாரில் இது வெளிப்படையாகவே நடந்தது. வரி பாக்கி வைத்த நிலக்காரனிடமிருந்து செறுமர்கள் பிடிக்கப்பட்டு விற்கப்பட்டார்கள். வரிபாக்கிக்காக ஆள் விற்பதை நிறுத்தச் சொல்லி 1819-இல் உத்தரவு போட வேண்டியிருந்தது. கவனிக்க வேண்டியது, அங்கே கடன்காரன் செறுமன் இல்லை. கடன் நிலக்காரனுடையது, பாக்கி நிலக்காரனுடையது. விற்கப்பட்டவன் மட்டும் நம்ம ஆள். கன்று காலி மாதிரி அவன் இன்னொருத்தன் சொத்தாக ஜப்தியானான்.

அதே 1843 சட்டத்தின் இன்னொரு பிரிவு, அடிமை என்று காரணம் சொல்லி, ஒருவன் தன் உழைப்பால் சம்பாதித்த சொத்தைப் பிடுங்கக் கூடாது என்றது. படிக்க நன்றாக இருக்கிறது. சம்பாதித்துச் சொத்துச் சேர்க்கிற அளவுக்கு யாருக்குக் கூலி கிடைத்தது என்பதை அது கேட்கவில்லை. அடிமை என்று சொல்லி விற்கக் கூடாது என்றது. கடன்காரன் என்று சொல்லிக் கட்டி வைத்துக்கொள்வதைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை. தர்ம குமார் 1965-இல் எழுதிய தென்னிந்திய நிலமும் சாதியும் பற்றிய ஆய்வு, வெள்ளைக்காரன் வருவதற்கு முன்பே நிலமற்ற உழைப்பாளிகள் பெரிய அளவில் இருந்தார்கள், அவர்களின் அடிமைத்தனம் சாதியோடு பின்னியிருந்தது என்று காட்டியது. அந்தப் பின்னலை 1843 சட்டம் தொடவில்லை. விற்பனைப் பத்திரம் போனது, கடன் பத்திரம் அந்த இடத்தில் வந்து உட்கார்ந்தது.

4

பதினாறு வருஷம் கழித்து வந்தது 1859. இந்த வருஷத்தை நம்ம மாணவர்கள் தனியாகக் குறித்து வைத்துக்கொள்ள வேண்டும்.

அந்த வருஷத்து 8-ஆம் சட்டம், இந்தியாவின் முதல் உரிமையியல் நடைமுறைச் சட்டம். டிக்ரி, ஜப்தி, ஏலம் என்று நாம் மேலே பார்த்த முறைக்கெல்லாம் அது அடித்தளம். அதே வருஷத்து 13-ஆம் சட்டம், வேலை ஒப்பந்தத்தை மீறுகிற தொழிலாளிகளைத் தண்டிக்கிற சட்டம். அட்வான்ஸ் வாங்கிவிட்டு வேலைக்கு வராதவனை முதலாளி மாஜிஸ்திரேட் முன்னால் நிறுத்தலாம். பணத்தைத் திருப்பிக் கொடு, இல்லாவிட்டால் வேலையைச் செய் என்று மாஜிஸ்திரேட் உத்தரவு போடுவார். உத்தரவை மீறினால் மூன்று மாதம்வரை கடுங்காவல். முதலில் சென்னை, பம்பாய், கல்கத்தா நகரங்களுக்கென்று வந்தது, பிறகு தேயிலை, காப்பித் தோட்டப் பகுதிகளுக்கும் நீட்டப்பட்டது. 1926-இல்தான் இது ஒழிந்தது.

இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஒரே வருஷம், ஒரே சபை. சொத்துள்ளவன் கடனைக் கட்டாவிட்டால் அவன் சொத்தைப் பிடிக்க ஒரு சட்டம். சொத்தில்லாதவன் அட்வான்ஸைக் கட்டாவிட்டால் அவன் உடம்பைப் பிடிக்க ஒரு சட்டம். சொத்துள்ளவன் கடனைக் கட்டவில்லை என்றால் அது சிவில் வழக்கு. உழைப்பாளி அட்வான்ஸைக் கட்டவில்லை என்றால் அது குற்றம். ஊர்க் கடன்காரனுக்கும் சிவில் ஜெயில் உண்டுதான், ஆனால் அவனுக்குச் சொத்தைக் காட்டித் தப்பிக்க வழி இருந்தது. நம்ம ஆளுக்குக் காட்ட இரண்டு கைதான் இருந்தது.

கடல் தாண்டினாலும் இந்தக் கயிறு நீண்டது. சேலம், திருச்சி, தஞ்சாவூர்ப் பக்கங்களிலிருந்து இலங்கைத் தேயிலைத் தோட்டங்களுக்குப் போன சனங்களில் நம்ம மக்கள் ஏராளம். வழிச்செலவு, துணிமணி, அரிசி என்று கங்காணி கொடுத்ததெல்லாம் கடனாக எழுதப்பட்டது. அங்கே துண்டு என்று ஒரு சீட்டு. இந்தக் கடனைக் கட்டினால் இந்த ஆட்களை விடுகிறேன் என்று ஒரு தோட்டத்து துரை எழுதிக் கொடுக்கும் சீட்டு. இன்னொரு தோட்டம் அந்தப் பணத்தைக் கட்டி ஆட்களை எடுத்துக்கொள்ளும். கடன் தோட்டம் மாறும்போது ஆளும் மாறுவான். கடனோ தீராது. 1921-இல் இந்தத் துண்டு முறை சட்டப்படி ஒழிக்கப்பட்டது. விற்பனை என்று பெயர் வைக்காமல் விற்க முடியும் என்பதைத் துண்டு காட்டியது.

அப்பன் கடனுக்குப் பிள்ளையைப் பிடித்துக்கொள்வதும் இதே வரிசையில்தான் வரும். விட்லி தலைமையிலான தொழிலாளர் ஆணையம் 1931-இல், பெற்றோர் வாங்கிய முன்பணத்துக்காகப் பிள்ளைகள் பட்டறைகளில் அடகு கிடப்பதை எழுதியது. அதன்பிறகு 1933-இல் குழந்தை உழைப்பை அடகு வைப்பதைத் தடுக்கும் சட்டம் வந்தது. பதினைந்து வயதுக்குக் கீழே உள்ள பிள்ளையின் உழைப்பை அடகு வைக்கும் ஒப்பந்தம் செல்லாது என்றது. அடகு என்பது பொருளுக்குச் சொல்கிற வார்த்தை. பிள்ளைக்கு அதைச் சட்டமே பயன்படுத்த வேண்டியிருந்தது.

5

இனி நம்ம வட்டாரத்துக்கு வருவோம். பாராமகால் 1792-இல் திப்புவிடமிருந்து கும்பினிக்குப் போனது. ஓசூர்ப் பக்கம் 1799-இல் திப்பு விழுந்த பிறகு சேர்ந்தது. எல்லாம் சேலம் ஜில்லா ஆனது. அலெக்சாண்டர் ரீடும் தாமஸ் மன்றோவும் ரயத்துவாரி முறையைச் செய்து பார்த்த இடம் இது. ஒவ்வொரு ரயத்துக்கும் தனித்தனி நிலம், தனித்தனி வரி, தனித்தனிப் பொறுப்பு. நிலம் ஒரு ஆள் பெயரில் எழுதப்பட்டபோதுதான் அதை அந்த ஆளின் கடனுக்கு ஜப்தி செய்யவும் முடிந்தது. பட்டாவும் ஜப்தியும் கூடப் பிறந்தவை.

அந்தப் பட்டா யாருக்குக் கிடைத்தது? நம்ம சனங்களுக்குக் கிடைத்தது ஊழியத்துக்கான மானியத் துண்டுகளும் வாரத்துக்கு உழுகிற வேலையும்தான். 1891-இல் செங்கல்பட்டு கலெக்டராக இருந்த திரமென்ஹீர் பறையர்கள் நிலை பற்றி எழுதிய அறிக்கையில், கடனால் கட்டப்பட்ட படியாட்களின் நிலையைச் சர்க்கார் முன் வைத்தார். அதற்கு அடுத்த வருஷம், 1892-இல், பஞ்சமி நில உத்தரவு வந்தது. பத்து வருஷம் விற்கக் கூடாது, அதன்பிறகும் தாழ்த்தப்பட்டோருக்கு மட்டுமே மாற்ற வேண்டும் என்று நிபந்தனை. விற்க முடியாத நிலத்தைக் கடன் வழியாகப் பிடுங்கினார்கள். போக்கியம் என்று வாங்கி அனுபவித்தார்கள், வெற்றுத்தாளில் கைநாட்டு வாங்கினார்கள். கோர்ட் ஏலம் நடக்கவில்லை, தமுக்கு அடிக்கவில்லை, நிலம் மட்டும் போனது. 1994 அக்டோபரில் காரணை பஞ்சமி நிலப் போராட்டத்தில் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் இரண்டு தோழர்கள் செத்தது, சத்தமில்லாமல் போன அந்த நிலங்களைச் சத்தம் போட்டுக் கேட்டதற்காகத்தான்.

விவசாயிக் கடனை அரசு கவனிக்கவில்லை என்று சொல்ல முடியாது. 1875-இல் புனா, அகமத்நகர்ப் பக்கம் குடியானவர்கள் சாகுகாரர்களின் கடன் பத்திரங்களைப் பிடுங்கி எரித்தபிறகு 1879-இல் தக்காண விவசாயிகள் நிவாரணச் சட்டம் வந்தது. சென்னை மாகாணத்தில் அதைப் போன்ற பெரிய சட்டத்தைக் கொண்டுவந்தவர் ராஜாஜி. ஓசூருக்குப் பக்கத்துத் தொரப்பள்ளியில் 1878-இல் பிறந்தவர், அப்பா அந்த ஊர் முன்சீப். கடனும் வரியும் எப்படி வேலை செய்யும் என்று வீட்டிலேயே பார்த்தவர். 1938-ஆம் வருஷத்து 4-ஆம் சட்டமான சென்னை விவசாயிகள் நிவாரணச் சட்டம் துணிச்சலான சட்டம்தான். 1932 அக்டோபருக்கு முன்னால் வாங்கிய கடனுக்கு, 1937 அக்டோபர் 1-ஆம் தேதிவரை நின்ற வட்டி முழுக்கத் தள்ளுபடி. அசலைப்போல இரண்டு மடங்கு கட்டியிருந்தால் கடனே தீர்ந்தது. எத்தனையோ குடும்பங்களின் நிலம் ஜப்தியிலிருந்து தப்பியது.

ஆனால் விவசாயி என்று யாரைச் சொன்னது அந்தச் சட்டம்? விவசாய நிலத்தில் விற்கத்தக்க உரிமை உள்ளவன், ஜமீன் நிலத்தில் ரயத்து, குத்தகைதாரன் என்று வரிசையாக எழுதியது. ஏர் பிடித்தவன், நாற்று நட்டவள், அண்ணாந்து பார்க்க ஒரு ஓட்டுவீடு இல்லாதவன் எவனும் அந்தச் சட்டப்படி விவசாயி கிடையாது. ஆண்டை சாகுகாரனுக்குக் கொடுக்க வேண்டிய வட்டி தள்ளுபடியானது. படியாள் ஆண்டைக்குக் கொடுக்க வேண்டிய கடன் அப்படியே இருந்தது. தொரப்பள்ளியில் பிறந்த ஒருவருக்குத் தன் ஊர்ச் சேரியில் யார் கடனுக்கு யார் உழைக்கிறார்கள் என்று தெரியாமலா இருந்திருக்கும்? தெரிந்திருக்கும். ஆனால் அந்தக் கடன் அவருக்குக் கடனாகத் தெரியவில்லை. அது வழக்கமாகத் தெரிந்தது. கடனை வழக்கம் ஆக்கியதுதான் சாதி செய்த வேலை.

6

இந்தக் கணக்கு சட்டத்தில் தலைகீழாக எழுதப்பட்டது நெருக்கடி நிலைக் காலத்தில். 1975 அக்டோபரில் அவசரச் சட்டமாக வந்து, 1976-இல் கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டமாக ஆனது. அதைக் கொண்டுவந்த அரசின் நோக்கம் பற்றி எவ்வளவு வேண்டுமானாலும் சண்டை போடலாம். ஆனால் அதன் 6-ஆம் பிரிவை நம்ம ஆட்கள் மனப்பாடம் செய்ய வேண்டும்.

கொத்தடிமைக் கடன் அன்றோடு ஒழிந்தது. அதைக் கேட்டு எந்த சிவில் கோர்ட்டிலும் வழக்குப் போட முடியாது. ஏற்கெனவே டிக்ரி வாங்கியிருந்தால் அந்த டிக்ரி முழுக்க நிறைவேறியதாகக் கொள்ள வேண்டும். அந்தக் கடனுக்காகச் செய்த ஜப்தி எல்லாம் ரத்து. ஜப்தி செய்து கோர்ட் காவலில் வைத்திருக்கிற பொருளைத் திருப்பிக் கொடுக்க வேண்டும். கடன் கொடுத்தவன் பலவந்தமாகப் பிடுங்கி வைத்திருக்கிற சொத்தையும் திருப்பிக் கொடுக்க வேண்டும். விடுதலையானவனைக் குடியிருக்கும் வீட்டிலிருந்து வெளியேற்றக் கூடாது என்கிறது 8-ஆம் பிரிவு. இது கொத்தடிமைக் கடன் இல்லை என்று நிரூபிக்க வேண்டிய பொறுப்பு கடன் கொடுத்தவனுடையது என்கிறது 15-ஆம் பிரிவு. 1859-இல் தொடங்கிய இரண்டு பாதையும் இந்தச் சட்டத்தில்தான் முதல்முறையாக எதிரெதிரே சந்தித்தன. ஆளைப் பிடித்து வைத்தவனின் ஜப்தியைச் சட்டம் ரத்து செய்தது.

கொத்தடிமை முறைக்கு நாடு முழுக்க வழங்கிய பெயர்களை அரசு பட்டியலிட்டபோது ஜீதா, படியாள், பண்ணையாள், வெட்டி என்று வந்தன. ஹோலியா, செறுமர் என்றும் வந்தன. முதல் நாலும் வேலையின் பெயர். கடைசி இரண்டும் சாதியின் பெயர். ஒரு சாதியில் பிறந்ததே ஒரு கடனில் பிறந்ததாக இருந்தது என்று அரசே எழுதிக் கொடுத்த வாக்குமூலம் இது.

சட்டம் வந்த பிறகு நடந்தது என்ன? கொத்தடிமையே எங்கள் மாவட்டத்தில் இல்லை என்று கலெக்டர்கள் எழுதி அனுப்பினார்கள். 1978-79-இல் காந்தி அமைதி நிறுவனம் எடுத்த கணக்கு பத்து மாநிலங்களில் 26 லட்சம் பேர் என்றது. கட்டாயமாக உழைக்கிறான் என்று தெரிந்தாலே அவன் அட்வான்ஸ் வாங்கியிருக்கிறான் என்று கருத வேண்டும், அதை அவனே நிரூபிக்கத் தேவையில்லை என்று பந்துவா முக்தி மோர்ச்சா வழக்கில் உச்சநீதிமன்றம் சொல்ல வேண்டியிருந்தது. ஏனென்றால் கடன் பத்திரத்தைக் காட்டு என்று அதிகாரிகள் அடிமையிடம் கேட்டுக்கொண்டிருந்தார்கள். பத்திரம் ஆண்டை பெட்டியில் இருக்கும், இவனிடம் எப்படி இருக்கும்? தமிழ்நாட்டைப் பார்க்க உச்சநீதிமன்றம் நியமித்த ஆணையர்கள் 1995-இல் கொடுத்த அறிக்கை, இங்கே பத்து லட்சத்துக்கு மேற்பட்டவர்கள் என்றது. கல்குவாரி, செங்கல் சூளை, அரிசி ஆலை, தீப்பெட்டி, பீடி என்று தொழில் மாறியிருந்தது. கட்டி வைத்த கயிறு அட்வான்ஸ்தான்.

கோர்ட் வழியாகக் கடன்காரனை ஜெயிலில் போடுவதையும் 1980-இல் கிருஷ்ணய்யர் தடுத்து எழுதினார். கொச்சின் வங்கிக்கும் ஜாலி ஜார்ஜ் வர்கீஸுக்கும் நடந்த வழக்கு அது. கட்ட வழியில்லாத ஏழையை, ஏழை என்பதற்காகவே சிறையில் தள்ளுவது உயிர்வாழும் உரிமைக்கு விரோதம் என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். சிவில் கோர்ட்டுக்குப் போன கடன்காரனுக்கு அந்தத் தீர்ப்பு கிடைத்தது. செங்கல் சூளையில் பூட்டி வைக்கப்பட்டவனுக்கு யார் தீர்ப்பெழுதுவது?

7

அஞ்செட்டி இன்றைக்குத் தனி வட்டம். மழையை நம்பிய ராகிக் காடு, மலை, அதற்கு அந்தப் பக்கம் காவிரி. 1970-களில் ஓசூரில் சிப்காட் வந்தது, கம்பெனிகள் வந்தன. இந்தப் பக்கத்துச் சேரிச் சனம் பெங்களூருக்குக் கட்டட வேலைக்கும் ஓசூருக்குக் காண்ட்ராக்ட் வேலைக்கும் போகிறது. ஆண்டை வீட்டு வாசலை விட்டு வெளியே வந்தது பெரிய மாற்றம்தான், அதைக் குறைத்துச் சொல்ல வேண்டாம். ஆனால் மேஸ்திரி கொடுக்கிற அட்வான்ஸில் எது கூலி, எது கடன் என்று பிரித்துப் பார்க்கத் தெரிந்திருக்க வேண்டும். வேலையை விட்டுப் போகக் கூடாது, வேறு இடத்தில் வேலை செய்யக் கூடாது, கணக்கு முடியும்வரை ஊருக்குப் போகக் கூடாது என்று எந்த அட்வான்ஸ் சொல்கிறதோ, அது 1976 சட்டப்படி கொத்தடிமைக் கடன்.

இன்னொரு வகை, குழுக் கடன். நுண்கடன் கம்பெனிகள் பெண்களைப் பத்துப் பேராகச் சேர்த்துக் கடன் கொடுக்கின்றன. அடமானம் கேட்பதில்லை. அடமானம் வைக்க எதுவுமில்லை என்று அவர்களுக்கும் தெரியும். ஒருத்தி கட்டாவிட்டால் மற்றவர்கள் கட்ட வேண்டும். அதனால் வசூலுக்கு அமீனா வரத் தேவையில்லை, பக்கத்து வீட்டுக்காரியே வந்து நிற்பாள். சேரிக்குள் இருக்கிற உறவைத்தான் இங்கே ஜப்தி செய்கிறார்கள். கந்துவட்டிக்கு எதிராகத் தமிழ்நாட்டில் 2003-இல் சட்டம் வந்தது. அதற்குப் பிறகும், 2017 அக்டோபரில் நெல்லை கலெக்டர் ஆபீஸ் வாசலில் ஒரு கூலிக் குடும்பம் பிள்ளைகளோடு தீக்குளித்தது. கடன் வசூலில் வற்புறுத்தலைத் தடுக்க 2025-இல் இன்னொரு சட்டத்தைத் தமிழக சட்டமன்றம் நிறைவேற்றியது. சட்டங்கள் ஒன்றன்பின் ஒன்றாக வருகின்றன. அதைக் கையில் வைத்துக்கொண்டு போலீஸ் ஸ்டேஷன் வாசலில் நிற்க ஆள் வேண்டும்.

செய்ய வேண்டியது சில இருக்கிறது. 1976 சட்டத்தின் 13-ஆம் பிரிவுப்படி மாவட்டத்திலும் உட்கோட்டத்திலும் விழிப்புக் குழு இருக்க வேண்டும், ஒவ்வொன்றிலும் தாழ்த்தப்பட்ட, பழங்குடியினர் மூன்று பேர் இருக்க வேண்டும். உங்கள் உட்கோட்டத்தில் அந்த மூன்று பேர் யார் என்று கேட்டு வாங்குங்கள். கூட்டம் எப்போது நடந்தது என்று எழுத்தில் கேளுங்கள். மீட்கப்பட்டவனுக்குக் கொடுக்கிற விடுதலைச் சான்றிதழை விடாமல் வாங்குங்கள். அது அவனுக்குக் கடன் இல்லை என்று சர்க்கார் எழுதிக் கொடுக்கிற சீட்டு. ஆண்டை மறுபடியும் கேட்டு வந்தால் முகத்துக்கு நேரே காட்ட வேண்டியது அதுதான். நிலத்தைப் பிடுங்கினாலும், கட்டாய வேலை வாங்கினாலும் 1989 வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்திலும் அது குற்றம், சிவில் தகராறு என்று சொல்லித் திருப்பி அனுப்பினால் விடக் கூடாது.

மாணவர்களுக்கு வேறு ஒரு வேலை இருக்கிறது. பழைய கோர்ட் கட்டுகளில் நம்ம ஆட்களைத் தேடினால், கடன்காரனாக இருக்க மாட்டான், கடன் கொடுத்தவனாக இருக்க மாட்டான். அமீனாவின் அறிக்கையில் தமுக்குக் கூலி என்று ஒரு வரியில் இருப்பான், அதன் கீழே ஒரு கைநாட்டு இருக்கும். அந்தக் கைநாட்டுக்காரன் அந்த நாளில் எந்த ஆண்டையிடம் எவ்வளவு கடனில் இருந்தான், அவன் மகன் எந்த வீட்டில் மாடு மேய்த்தான் என்பது அந்தக் கட்டில் இருக்காது. அது அஞ்செட்டிப் பக்கத்துக் கிழவன் கிழவிகளிடம் இருக்கிறது. ஜீதத்துக்கு இருந்தவர்கள், பார்த்தவர்கள் இன்னும் கொஞ்சம் பேர் மிச்சமிருக்கிறார்கள். அவர்கள் சொல்வதை அவர்கள் பாஷையிலேயே, தமிழோ கன்னடமோ தெலுங்கோ, எவ்வளவு கடன், எத்தனை வருஷம், யார் தலையில் வந்தது, எப்படித் தீர்ந்தது என்று கேட்டு எழுதுங்கள். எழுதியதை அவர்களுக்கே ஒரு தடவை படித்துக் காட்டிவிட்டு அனுப்புங்கள்.